எட்டாவது ஃபாரம்

தங்கச்சி: 'பிறகு'ன்னு முடியுதுக்கா.

அக்கா: பிறகு?

தங்கச்சி: அவ்ளோதான். "பெண்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டனர். பிறகு..." அதோட நூத்திப் பன்னெண்டாம் பக்கம் முடிஞ்சிடுச்சு.

அக்கா: என் தாள் நூத்தி இருபத்தொன்பதுல ஆரம்பிக்குது. "மறுநாள் காலை ஆலைக்கு நாற்பது நாற்காலிகள் வந்து இறங்கின."

தங்கச்சி: நடுவுல என்னதான் நடந்துச்சு?

மேஸ்திரி: நடுவுல நீங்க ரெண்டு பேரும் கதை பேசிக்கிட்டு நின்னீங்க. மடிங்க, மடிங்க. நாளைக்கு இந்தப் புத்தகம் பைண்டிங் தையலுக்குப் போகணும்.

அக்கா: கை மடிச்சுக்கிட்டுதான் இருக்கு மேஸ்திரி. வாய்தான் சும்மா இருக்கு.

மேஸ்திரி: அதுவா சும்மா இருக்கு?

தங்கச்சி: நாலு நாளா எனக்கு இந்த ஒரே ஃபாரம், இதே பதினாறு பக்கம். ராஜா ஓடிப்போற ஃபாரம் முதல் மேசையில. கொடி ஏத்துற ஃபாரம் கடைசி மேசையில. உலகத்துப் புரட்சி மொத்தமும் இந்த ஹால்லதான் மடியுது. ஒருத்திக்கும் முழுசா தெரியல.

மேஸ்திரி: அட்டை போட்டு வந்ததும் படிச்சுக்கோ.

அக்கா: அதுக்குள்ள இவ வயித்துல இருக்கிறது பொறந்து, எழுத்துக்கூட்டி, அதுவே இவளுக்குப் படிச்சுக் காட்டிடும்.

தங்கச்சி: போக்கா!

அக்கா: அது சரி, எட்டாவது ஃபாரத்தை மட்டும் ஏன் மேஸ்திரி நீங்களே மடிக்கிறீங்க?

மேஸ்திரி: அது... காகிதம் கொஞ்சம் முரண்டு பிடிக்குது.

அக்கா: எல்லாம் ஒரே ரீம்தானே?

மேஸ்திரி: முரண்டு பிடிக்கிறது நீதான். முதலாளி உத்தரவும்மா. எட்டு மட்டும் பொம்பளைங்க மேசைக்குப் போகக் கூடாதாம்.

தங்கச்சி: அப்போ ஏதோ விஷயம் இருக்கு.

மேஸ்திரி: ஒரு விஷயமும் இல்ல. மெல்லப் பேசு... கண்ணாடி ரூம்ல இருந்து பாக்குறாரு.

தங்கச்சி: பாக்கட்டும். ஏழு மாச வயித்தோட காலைல இருந்து நிக்கிறேன். அதையும் சேர்த்துப் பாக்கட்டும்.

மேஸ்திரி: நான்தான் கேட்டுப் பாத்தேனே... ஒரு முக்காலியாவது போடலாம்னு.

அக்கா: என்ன சொன்னாரு?

மேஸ்திரி: உக்காந்தா கை மெதுவாயிடுமாம். முடியலன்னா திங்கட்கிழமையில இருந்து அவ வரவே வேணாம்னாரு.

தங்கச்சி: கால் வீங்கி என் செருப்பே நுழைய மாட்டேங்குது மேஸ்திரி. அக்கா செருப்பைப் போட்டுக்கிட்டு வரேன்.

மேஸ்திரி: அப்போ அக்கா காலுக்கு?

அக்கா: நான் என் வீட்டுக்காரர் செருப்பு. அவர் என்ன போட்டுக்கிட்டுப் போறாருன்னு கேக்காதீங்க.

மேஸ்திரி: சிரிக்க வைக்காதே. நான் உங்களைத் திட்டுறதா முதலாளி நினைச்சுக்கிட்டு இருக்காரு.

தங்கச்சி: ஒரே ஒரு வரி சொல்லுங்க. ஆலையில என்ன பண்ணாங்க? தீ வச்சாங்களா?

மேஸ்திரி: சேச்சே.

அக்கா: கல்லு?

மேஸ்திரி: கல்லும் இல்ல, கோஷமும் இல்ல. நம்ம வெட்டு மெஷினைப் பதினொரு மணிக்கு எண்ணெய் போட நிறுத்துவோம்ல... அங்கயும் அப்படி ஒரு மெஷின். அது நின்னதும்...

அக்கா: நின்னதும்?

மேஸ்திரி: விடு. என் வாயைக் கிளறாதே.

தங்கச்சி: நின்னதும் எல்லாரும் அப்படியே தரையில உக்காந்துட்டாங்க. நூத்திப் பதினாலாம் பக்கம், மேல இருந்து மூணாவது வரி.

மேஸ்திரி: உனக்கு... எப்படித் தெரியும்?

அக்கா: மணி என்ன மேஸ்திரி?

மேஸ்திரி: பதினொண்ணு... மெஷின் நின்னுடுச்சே. என்ன, ஹாலே இப்படிக் கப்சிப்னு இருக்கு? எங்க போனாங்க எல்லாரும்?

அக்கா: எங்கயும் போகல. கொஞ்சம் கீழ பாருங்க.

மேஸ்திரி: அடப் பாவிங்களா... பதினாறு பேருமா! எழுந்திரிங்க! முதலாளி எழுந்து நிக்கிறாரு!

தங்கச்சி: அவரும் கொஞ்ச நேரம் நிக்கட்டும். அக்கா, கை குடு... மெதுவா... அப்பாடா.

மேஸ்திரி: அந்தத் தாள் எப்படி உங்க கைக்கு வந்துச்சு? அதைச் சொல்லு முதல்ல.

அக்கா: நேத்து என் சாப்பாட்டு டப்பாவுக்கு அடியில இருந்துச்சு. நாலு மூலையும் இம்மி பிசகாம மடிச்சு. கழிவுத் தாள்னு நினைச்சு, சாப்பிட்டுக்கிட்டே படிச்சேன். சாயங்காலத்துக்குள்ள எல்லா மேசைக்கும் போயிட்டு வந்துடுச்சு.

மேஸ்திரி: அப்போ காலைல இருந்து 'பிறகு, பிறகு'ன்னு கேட்டதெல்லாம்?

தங்கச்சி: நடிப்புதான். 'எனக்கு ஒண்ணும் தெரியாது'ன்னு நீங்க முதலாளிகிட்ட தைரியமா சொல்லணும்ல? உங்க தலை உருளக் கூடாது.

அக்கா: கதவைத் திறந்துக்கிட்டு வராரு. போங்க மேஸ்திரி, போய் அவர் பக்கத்துல நின்னுக்கோங்க. சீக்கிரம்.

மேஸ்திரி: இருபது வருஷம் நின்னாச்சு, போதும். கொஞ்சம் தள்ளி உக்காரு... இம்மி பிசகாம மடிக்கிற கை இந்த ஹால்ல வேற யாருக்கு இருக்கு?