பதினோரு கேள்விக்குறிகள்

குழந்தை வளர்ப்பு நூல்களில்தான் எழுத்துப்பிழை மிகக் குறைவு. பத்தொன்பது வருட அனுபவத்தில் சொல்கிறேன். வாழ்க்கை வரலாறுகளில்தான் அதிகம். பெரிய மனிதரைப் பற்றி எழுதும்போது கண் கலங்கிவிடும் போல, ஒற்றெழுத்து கண்ணில் படாது. வரலாற்று நூலில் வருடம் தப்பும். அரசர் பிறப்பதற்கு நான்கு வருடம் முன்பே போருக்குப் போயிருப்பார். நாவலில் பத்தாம் பக்கத்தில் செத்தவர் நூறாம் பக்கத்தில் தேநீர் குடிப்பார். இதையெல்லாம் கண்டுபிடித்து ஓரத்தில் குறித்து வைப்பவன் நான். மெய்ப்புப் பார்ப்பது என்று அதற்குப் பெயர். எழுத்துப்பிழையை நானே திருத்திவிடலாம். தகவல் தப்பாக இருந்தால் திருத்த உரிமையில்லை. கேள்விக்குறி போட்டு எழுதியவரிடம் கேட்க வேண்டும்.

நீங்கள் ஏன் என்று மட்டும்தான் கேட்டீர்கள். ஆனால் வரிசையாகச் சொன்னால்தான் விளங்கும்.

போன மாதம் பதிப்பாளர் ஒரு கட்டுக் காகிதத்தை என் மேசையில் வைத்தார். "உங்க அப்பா எழுதின குழந்தை வளர்ப்புப் புத்தகம். நீங்களே பாத்துடுங்க. வெளியாள் பார்த்தா வீட்டு விஷயம் எங்க தெரியப் போகுது?" என்றார். அவர் நல்ல மனதோடுதான் சொன்னார்.

என் அப்பா பள்ளி முதல்வராக இருந்து ஓய்வு பெற்றவர். ஊரில் அவருக்குப் 'பொறுமை ஐயா' என்று பெயர். பெற்றோர் கூட்டங்களில் பேசுவார். குரலை உயர்த்த மாட்டார். கூட்டம் முடிந்ததும் தாய்மார்கள் வரிசையில் நின்று சந்தேகம் கேட்பார்கள்.

முப்பத்தேழாம் பக்கத்தில் 'என் மகன்மீது நான் கை நீட்டியதே இல்லை' என்று இருந்தது. ஓரத்தில் கேள்விக்குறி போட்டேன். ஐம்பத்தெட்டில், மரத்திலிருந்து விழுந்து என் சுண்டுவிரல் வளைந்த கதை. எங்கள் வீட்டில் மரமே கிடையாது. கதவு இருந்தது. கீல் பக்கத்து இடுக்கில் என் விரலை வைத்துப் பிடித்துக்கொண்டு பதினேழாம் வாய்ப்பாடு கேட்பார். கதவை மெதுவாகத்தான் சாத்துவார். பதினேழு எட்டு நூற்று முப்பத்தாறு. தொண்ணூற்றொன்றாம் பக்கத்தில் என் தண்ணீர்ப் பயத்தை அன்பால் போக்கினாராம். குளியலறைத் தொட்டியில் என் தலையை அமுக்கிவிட்டு அவர் எண்ணிய எண்கள் இன்னும் என் காதில் இருக்கின்றன. இப்படி மொத்தம் பதினோரு இடம். பதினொன்றாவது, நூற்றெண்பத்து நான்காம் பக்கம்: 'என் மனைவி நோயுற்று மறைந்தாள்.'

அம்மாவுக்கு நோய் எதுவும் இல்லை. விலா எலும்புக்குக் கீழே அப்பா விட்ட ஒரே ஒரு குத்து. மூன்று நாள் சுருண்டு படுத்திருந்தாள். டாக்டரைக் கூப்பிடச் சொன்னபோதெல்லாம் அப்பா, "நாளைக்குப் பாக்கலாம்" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை மதியம் அந்தக் காகிதக் கட்டை எடுத்துக்கொண்டு அவர் வீட்டுக்குப் போனேன். மனைவிக்கு ஞாயிறும் கடையில் வேலை உண்டு என்பதால் மகளையும் கூட்டிப் போனேன். அவளுக்கு ஏழு வயது. வழியில் ஒரு கேள்வியை இரண்டு தடவை கேட்டுவிட்டாள். அதற்காக முன்னறையில் சுவரைப் பார்த்து நிற்கச் சொல்லிவிட்டு உள்ளே போனேன். "நான் சொல்ற வரைக்கும் திரும்பக் கூடாது" என்றேன். தலையாட்டினாள்.

அப்பா படுக்கையறையில் நாற்காலியில் இருந்தார். பதினோரு கேள்விக்குறிகளையும் நிதானமாகப் பார்த்தார்.

"இதெல்லாம் இப்ப யாருக்குடா ஞாபகம்?"

"எனக்குப்பா."

"ஞாபகம் இருக்குல்ல? அப்ப சரியா மண்டையில ஏறியிருக்குன்னு அர்த்தம். இன்னைக்கு ஒரு புள்ளி தப்பா இருந்தாலும் கண்டுபிடிக்கிற. யார் வளர்ப்பு? அடி உதவுற மாதிரி அண்ணன் தம்பி உதவமாட்டான்னு சும்மாவா சொன்னாங்க?"

"அப்ப அதையே எழுதுங்கப்பா. அடிச்சேன்னு."

"அடிச்சேன்னு எழுதினா எவன் வாங்குவான்?" என்று சிரித்தார். பிறகு முன்னறைப் பக்கம் எட்டிப் பார்த்தார். என் மகளின் முதுகு தெரிந்தது. அவர் முகம் மலர்ந்தது. "பேத்தியைப் பாரு, ஆடாம அசையாம நிக்கிறா. வாயால என்ன வேணா சொல்லு. நீயும் என் வழியிலதானேடா வளக்கிற?"

அந்த வாக்கியம் உண்மைக்கு மாறானது. கேள்விக்குறி போட்டு விட்டுவிடக்கூடியது அல்ல. நான் முப்பது குழந்தை வளர்ப்பு நூல்களுக்கு மெய்ப்புப் பார்த்திருக்கிறேன். அவற்றில் நல்லதை எடுத்து, கெட்டதைத் தள்ளி, பார்த்துப் பார்த்து வளர்க்கிறேன். எனக்கும் அவருக்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம்.

அவர் கையைப் பிடித்துக் கதவருகே அழைத்துப் போனேன். எழுபத்தாறு வயது மணிக்கட்டைப் பிடிக்க ஒரு கையே போதும். சுண்டுவிரலில் ஆரம்பித்தேன். முப்பத்தேழாம் பக்கத்தைப் படித்துக் காட்டி, "இது சரியா?" என்று கேட்டேன். "விடுடா, பைத்தியக்காரா" என்றார். கதவை மெதுவாகத்தான் சாத்தினேன். எலும்பு முறியும் சத்தம் நாம் நினைப்பதைவிடச் சின்னது; பென்சில் முனை உடைவது போல. அடுத்த விரலுக்கு அடுத்த பக்கம். நான்காவது விரலிலேயே, "எல்லாம் பொய்தான், எல்லாப் பக்கமும் பொய்தான், விட்டுடு சாமி" என்று அழுதார். மொத்தமாக ஒப்புக்கொண்டால் எங்கள் தொழிலில் செல்லாது. பக்கம் பக்கமாகத்தான் போக வேண்டும். பத்து விரலுக்கும் பத்துப் பக்கம் முடிந்தது. ஒவ்வொரு திருத்தத்தையும் ஓரத்தில் எழுதினேன். காகிதத்தில் கறை பட்டிருக்கும்; எழுத்து தெளிவாக இருக்கும். பார்த்துக்கொள்ளுங்கள்.

பதினொன்றாவதுக்கு விரல் மிச்சமில்லை. அம்மாவைப் பற்றிக் கேட்டேன். அந்த நிலையிலும், "அவளுக்கு உடம்புதான்டா சரியில்லாம..." என்றார். விலாவுக்குக் கீழே எங்கே என்று எனக்குத் தெரியும். ஒரு குத்துத்தான். அவர் சுருண்டு விழுந்தார்.

நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து மீதிப் பக்கங்களைப் பார்த்தேன். ஒற்றுப் பிழை மட்டும் பதினாறு. நடுவில் தண்ணீர் கேட்டார், கொடுத்தேன். டாக்டரைக் கூப்பிடச் சொன்னார். "நாளைக்குப் பாக்கலாம்பா" என்றேன். அவர் வயிறு பலகை மாதிரி இறுகி, உதடு வெளுத்துக்கொண்டே வந்தது. நான்கு மணி நேரம் ஆனது. அம்மாவுக்கு ஆனதோடு பார்த்தால் குறைவுதான். மூச்சு நின்றதை உறுதி செய்துகொண்டு கை கழுவினேன். காவல் நிலையத்துக்குப் போன் செய்ததும் நான்தான். ஆமாம், அவரைக் கொன்றது நான். அதில் திருத்தம் எதுவும் இல்லை.

ஆனால் வந்த பெண் காவலர் என்னைப் பார்த்த பார்வை சரியில்லை. என் மகள் முன்னறையில் நின்ற இடத்திலேயே நின்றுகொண்டிருந்தாள். பாவாடை நனைந்து, காலடியில் ஈரம் பரவியிருந்தது. உள்ளே தாத்தா அத்தனை கத்தியும் திரும்பவில்லை. காவலர் மண்டியிட்டு, "பாப்பா, பயப்படாதம்மா, திரும்பு" என்றார்.

"அப்பா சொல்லட்டும்" என்றாள் என் மகள்.

அந்தக் காவலர் என்னிடம், "பெத்த பிள்ளையை என்னய்யா செஞ்சு வெச்சிருக்க?" என்று கத்தினார். பிள்ளையின் எதிரில் அப்படிக் கத்தக் கூடாது. எந்த நூலைப் புரட்டினாலும் இருக்கும். பதிலுக்கு நான் குரலை உயர்த்தவில்லை.

அவளைத் தூக்கிக்கொண்டுபோய் மருத்துவமனையில் விட்டார்களாம். என் மனைவியும் அங்கேதான் இருக்கிறாள். மகளுக்கு முழங்கால் மடங்கவில்லை என்றும், கஷ்டப்பட்டு ஒரு நாற்காலியில் உட்கார வைத்துவிட்டோம் என்றும் சற்று முன் நீங்கள் சொன்னீர்கள்.

இருக்காது, ஐயா. இன்னொரு முறை விசாரித்துப் பாருங்கள். நான் இன்னும் உட்காரச் சொல்லவில்லை.