சாக்ரட்டீஸ் கணக்கை நடத்தியவன் நான்

விழாத் தலைமை ஏற்று வீற்றிருக்கும் தலைமையாசிரியை அவர்களே! பண்டைச் சிந்தனைப் பாடத்தைப் புத்தகத்திலிருந்து பிடுங்கிப் படக்கென்று எங்கள் கைப்பேசிக்குள் போட்டுவிட்ட பெலாயியா டீச்சர் அவர்களே! பூசணி விதையைப் பல்லால் உடைத்தபடி, 'இவன் எப்போ முடிப்பான்?' என்று பார்த்துக்கொண்டிருக்கும் நம் பெத்ரலோனா வட்டாரத்துப் பெரியவர்களே! கைப்பையை மடியிலும் பிள்ளையை மனத்திலும் வைத்து அமர்ந்திருக்கும் தாய்மார்களே! கடைசி வரிசையில், வாசலோரமாக, மகளின் கையைப் பிடித்தபடி இருக்கும் மிர்தோவின் அம்மாவே! அனைவருக்கும் லாம்ப்ரோஸின் பணிவான வணக்கம்.

எனக்குத் தந்த தலைப்பு, 'சாக்ரட்டீஸ் இன்று இருந்தால்'. சிரிக்கச் சிரிக்கப் பேசு என்றார்கள். சிரிப்போம். ஆனால் சிரித்து முடித்ததும் என்னோடு கொஞ்ச நேரம் சும்மா இருங்கள்.

டீச்சர் கைப்பேசியில் ஒரு குழு தொடங்கி, நிர்வாகத்தை என்னிடம் விட்டார். வகுப்பில் இருபத்து மூன்று பேர், ஆளுக்கொரு ஞானி. ஞானியின் பெயரில் கணக்கு, ஞானியின் குணத்தில் பேச்சு. என்ன ஆயிற்று தெரியுமா? ஒரே ஆற்றில் இருமுறை இறங்க முடியாது என்ற ஹெராக்ளிட்டஸ், மணிக்கொரு முகப்படம் மாற்றினார். அவரையைத் தொடவே கூடாது என்ற பித்தகோரஸ், யாரோ அவரைக் குழம்பின் படம் போட்டதும் கோபித்துக்கொண்டு குழுவைவிட்டே போய்விட்டார். பிளேட்டோ அனுப்பிய குரல்பதிவு ஐம்பது நிமிடம்! எதுவும் முழுத் தூரம் போய்ச் சேராது என்ற ஸீனோவிடம் பதில் கேட்டால், "அனுப்பிட்டேன்டா. பாதி தூரம் போயிருக்கு. மிச்சத்துல பாதி போகணும். அப்புறம் அதுல பாதி" என்பார். வானத்தைப் பார்த்து நடந்து கிணற்றில் விழுந்த தேலீஸ், இம்முறை கைப்பேசியைப் பார்த்து நடந்து மெட்ரோ படிக்கட்டில் விழுந்தார். உண்மையாகவே விழுந்தார். முழங்காலில் மூன்று தையல்.

நான் யார்? சாக்ரட்டீஸ்! ஒரு வரிகூட எழுதி வைக்காதவர் அவர். ஒரு பதிவுகூடப் போடாதவன் நான். கேள்வி, கேள்வி, கேள்வி மட்டும். 'அழகான சூரியன்' என்று படம் போட்டால், "அழகுன்னா என்ன?" என்பேன். 'இனிய காலை' என்றால், "இனிமைன்னு உனக்கு யார் சொன்னா?" ஒரே வாரத்தில் பதினோரு பேர் என் எண்ணைத் தடை செய்தார்கள். என்ன, மூன்றாம் வரிசை மாமா? பழைய ஆளுக்கு நஞ்சு, உனக்கு வெறும் தடையா என்கிறீர்களா? பொறுங்கள், நஞ்சுக்கும் வருகிறேன்.

பீப்பாய்க்குள் குடியிருந்த டயோஜினீஸாக வந்தவள் மிர்தோ. முகப்படம் கிடையாது. முகத்துக்கு நேரே பேசுவாள். ஒருநாள் எல்லார் முன்னாலும் குழுவில் கேட்டாள்: "லாம்ப்ரோஸ், ஊரையே கேள்வி கேக்கறியே. யாராவது பதில் சொன்னா அதைப் படிக்கறியா? இல்ல, அதுக்குள்ள அடுத்த கேள்வியத் தட்ட ஆரம்பிச்சிடுவியா?"

கீழே வரிசையாகச் சிரிக்கும் முகங்கள். நானும் ஒரு சிரிக்கும் முகம் அனுப்பினேன். என் சொந்த முகம் சிரிக்கவில்லை.

அதற்கு முந்தைய வாரம்தான் அருங்காட்சியகத்தில் உடைந்த பானை ஓடுகளைப் பார்த்துவிட்டு வந்திருந்தோம். வேண்டாத ஆளின் பெயரை நம் முன்னோர் ஓட்டில் கீறிப் போடுவார்கள். போதுமான ஓடு சேர்ந்தால் பத்தாண்டு ஊருக்கு வெளியே. குற்றச்சாட்டு இல்லை, மறுமொழி இல்லை. பெயர் போதும். மிர்தோ அப்படிக் கேட்ட மறுநாள் நான் வகுப்புக்கு ஒரு பை நிறைய உடைந்த ஓட்டோடு போனேன். அம்மா, நம் பால்கனியில் இருந்த அந்த இரண்டு பூந்தொட்டிகளைப் பூனை உடைக்கவில்லை.

"நம்ம முன்னோர் வழக்கம்டா! பத்து வருஷம் இல்ல, பத்தே நாள். சும்மா ஜாலிக்கு!" என்றேன், முதல் ஓட்டில் மிர்தோ பெயரைக் கீறிக் காட்டி. ஓட்டிலே எழுதினோம் ஓட்டு, ஒருத்தியை ஓட்டிவிட்டோம். பத்தொன்பது ஓட்டில் மிர்தோ. படமெடுத்துக் குழுவில் போட்டேன்; அதுதான் என் முதல் பதிவு. அவளை நீக்கினேன்.

அன்று மாலை ஸீஸிஸிடம் கேட்டேன். எனக்குப் பக்கத்து இருக்கைக்காரன், அவரைக்குப் பயந்தோடிய நம் பித்தகோரஸ்.

"நீ ஏன்டா அவ பேர எழுதின?"

"எல்லாரும் எழுதினாங்க."

"அவ உன்னை என்ன பண்ணா?"

"எனக்கெப்படித் தெரியும்? நீதானே ஓடு கொண்டுவந்த. உனக்குத் தெரியும்னு நெனச்சேன்."

எனக்குத் தெரிந்திருந்ததா, பெரியோர்களே? என்னிடம் ஒரு காரணம் இருந்ததா, தாய்மார்களே?

பத்து நாள் முடிந்தது. திரும்பச் சேர்த்தேன், அவள் வரவில்லை. கைப்பேசியில் அவளை நீக்கியது ஒரு விரல். வகுப்பில் அவளை நீக்கியவை இருபத்திரண்டு முதுகுகள். ஆறு வாரமாக அவள் பக்கத்து இருக்கை காலி. வரும் திங்கட்கிழமை அவளை வேறு பள்ளிக்கு மாற்றும் விண்ணப்பத்தில் அவள் அம்மா கையெழுத்திடப் போகிறார். நேற்று டீச்சர் சொல்லித்தான் எனக்குத் தெரியும்.

இப்போது சொல்லுங்கள். அந்தக் குழுவில் சாக்ரட்டீஸ் யார்? அஞ்சாமல் கேட்டவள் யார்? அவள்! கேட்டதும் கொதித்தவன் யார்? நான்! குற்றம் சொல்லாமலே தீர்ப்பெழுதியவர்கள் யார்? நாங்கள்! சாக்ரட்டீஸின் பெயரைச் சூடிக்கொண்டு, சாக்ரட்டீஸுக்கு நஞ்சுக் கோப்பை நீட்டிய கூட்டத்தின் வேலையைச் செய்தேன். அன்று ஐந்நூற்றொரு நடுவர்கள் வேண்டியிருந்த வேலைக்கு இன்று ஒரு விளையாட்டுப் பையனும் இரண்டு தொட்டியும் போதுமாயிருந்தது!

மிர்தோ, நீ கேட்டதற்கு என் பதில்: இல்லை, நான் படித்ததே இல்லை. மன்னித்துவிடு.

நண்பர்களே, பாரசீகப் படை வந்தபோது, விரட்டியவர்களைத் தவணை முடியுமுன்பே நம் முன்னோர் திரும்ப அழைத்தார்கள். அதையும் அருங்காட்சியகத்தில் சொன்னார்கள். அப்போது நான் ஸீஸிஸின் முதுகில் காகிதம் ஒட்டிக்கொண்டிருந்தேன். இன்று நான் முன்மொழிகிறேன். மிர்தோ இங்கேயே இருக்க வேண்டும் என்போர் கை தூக்குங்கள். ஸீஸிஸ்... நன்றி. தேலீஸ்... அங்கே நால்வர்... இன்னும்... தூக்காதவர்களே, கட்டாயமில்லை. காரணத்தை மட்டும் இம்முறை அவளிடமே சொல்லுங்கள்.

என்ன மிர்தோ? எழுந்துவிட்டாளே! முன்வரிசைக்குக் கேட்டிருக்காது, நானே சொல்கிறேன். "கை தூக்கினது போதும். திங்கக்கிழமை என் பக்கத்துல யாரு உக்காருவீங்க?" என்கிறாள்.

இதற்கு மேடையிலிருந்து பதில் சொல்ல முடியாது. தலைமையாசிரியை அவர்களே, எனக்குத் தந்த பத்து நிமிடத்தில் மிச்சத்தைத் திருப்பித் தருகிறேன். இறங்கிக் கடைசி வரிசைக்குப் போகிறேன். அவள் பேசட்டும், நான் கேட்கிறேன். இவ்வளவு நேரம் என் பேச்சைக் கேட்ட உங்களுக்கு நன்றி. வணக்கம்.