கையால் படிக்கிற பிள்ளை

மண்ணெண்ணெய் வரிசையில் எனக்கு முன்னால் இரண்டு பெண்கள் நின்றார்கள். குருநகர் மீன்காரி மற்றவளிடம் சொன்னாள்:

"என்ரை மகள் கையால படிக்கிற பிள்ளையாம். கணக்கு ஏறாதாம், தையலுக்கு விடட்டாம். ரியூசன் மாஸ்டர் சொன்னவர்."

"கையாலயோ? அப்ப மற்றதுகள்?"

"சிலது கண்ணாலயாம், சிலது காதாலயாம். பிள்ளையளை மூண்டு வாங்கிலை பிரிச்சு இருத்தினவர்."

"எடியே, தையலுக்கு விட்டிட்டியோ?"

"விடுவனோ? ஜாம் போத்தல் விளக்குக்கு அரை மணித்தியால எண்ணெய்தான். அவள் ஒருக்கா வாசிப்பாள், விளக்கை நூர்ப்பாள், இருட்டுக்கை புத்தகம் இல்லாமல் கணக்கை எனக்குச் செய்து சொல்லுவாள். பிழைச்ச இடத்தை விடிய எழும்பிப் பார்ப்பாள்."

"சோதினை?"

"நேற்று றிசல்ட் வந்தது. கணக்குக்கு அதிவிசேட சித்தி!"

"மாஸ்டர் என்னவாம்?"

"மூண்டு வாங்கையும் ஒண்டாச் சேர்த்துப்போட்டார். எல்லாரும் கொப்பியை மூடவேணும். கேள்வி கேக்கிறது என்ரை மகள்!"

வரிசையே சிரித்தது. எங்கள் முறை வருமுன் எண்ணெய் முடிந்துவிட்டது. மீன்காரி வெறும் போத்தலைத் தூக்கிக் காட்டினாள்.

"பறவாயில்லை. வாசிச்சது அவளின்ரை தலைக்குள்ள கிடக்கு."