வாதி வரவில்லை

"மூணு தடவ கூப்பிட்டான். அது நான்னு எனக்கே தோணலட்டி."

தென்காசியிலிருந்து இலஞ்சி செல்லும் டவுன் பஸ்ஸில், செவ்வாய்க்கிழமை பிற்பகல் ஒன்று இருபதுக்கு, என் முன் இருக்கையில் கேட்டது இது. சொன்னவருக்கு ஐம்பது வயதிருக்கும். அங்கன்வாடி வேலை. பக்கத்தில் அவரைவிட இளைய தோழி. பேச்சிலிருந்து தெரிந்தது இவ்வளவு: சான்றிதழில் அவர் இந்து, மாரியம்மாள். சர்ச்சில் கல்யாணம் ஆனதிலிருந்து ஊருக்கு மேரி. மதம் மாறிவிட்டார் என்று சாதிச் சான்றிதழை ரத்து செய்துவிட்டார்கள். அதை வைத்துக் கிடைத்த வேலையும் போய்விடும். மாறவில்லை என்று அவர் வழக்குப் போட்டிருந்தார்.

"நீ எங்கன இருந்த?"

"கோர்ட்டு வாசல்லதான். யாரோ மாரியம்மா வரல போலன்னு நெனச்சேன்."

"நல்ல ஆளுக்கா நீ."

"வாதி வரலன்னு தள்ளுபடியாம். எதிர் வக்கீலு சிரிக்காரு. சொந்தப் பேருக்கே எந்திரிக்கல, இதவிட என்ன சாட்சி வேணும்ங்காரு."

"திரும்ப மனு போடலாம்லா?"

"போடலாமாம். அப்பவாது எந்திரிக்கணும்லா."

"வீட்டுல யாரும் அந்தப் பேரச் சொல்லமாட்டாவளா?"

"எங்க அம்மை சொல்லுவா. போயிட்டா. அவரு மேரிம்பாரு. அவரும் போயாச்சு. இப்ப எந்தப் பேரையும் சொல்ல ஆளு இல்லட்டி."

"இனிமே நான் சொல்லுதேன்."

இலஞ்சி வந்தது. இளையவர் எழுந்து, "மாரியக்கா, எறங்கு" என்றார்.

மூத்தவர் சன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தார்.

"மாரியக்கா."

மூன்றாவது முறை அவர் கூப்பிடவில்லை. தோளைத் தொட்டார்.