நெமிலிச்சேரில ட்ரெய்ன நிறுத்துன சிவப்பு லைட்டு

சார், ட்ரெய்ன நிறுத்துனது அபிஷேக் இல்ல, நான்தான், நானேதான், இத மொதல்ல எழுதிக்கோங்க!

பேரு ஸ்டெஃபி, வயசு இருபது, அப்பா பேரு பிரகாசம், ஊடு பட்டாபிராம் சர்ச்சுக்குப் பின்னால. ஜப்பான்ல ஏழு பொண்ணுங்க பாடி ஆடுற குரூப்பு ஒண்ணு, அதுல மினோரிக்கு வர்ற ஞாயித்துக்கிழமை கடைசி ஷோ. ஒவ்வொரு பொண்ணுக்கும் ஒரு கலரு, ரசிகருங்க அந்தக் கலர் லைட்டுக் குச்சியத்தான் ஆட்டணும், மினோரிக்கு சிவப்பு. நாங்க ஆடி அனுப்புற வீடியோவ மேடையில போடுவாங்க, இன்னிக்கு ராத்திரி பத்து மணிதான் கடைசி. ஒரிஜினல் குச்சி கெடைக்கல, பைப்புக்குள்ள சிவப்பு எல்.இ.டி. வெச்சு நானே செஞ்சேன்.

அதுக்கப்புறம், ஊட்ல கத்தி ஆடினா திட்டுறாங்கன்னு சாயங்காலம் ஆறே முக்காலுக்கு நெமிலிச்சேரி ஸ்டேஷன் தாண்டி லைன் ஓரமா கீற காலி மனைக்குப் போனோம். நானும் மினோரி ரசிகன் ரெனிஷும் ஆடினோம், எங்க கூட்டாளி அபிஷேக் ஃபோன்ல எடுத்தான். அதுக்கப்புறம் ட்ரெய்ன் வந்துச்சு, ஸ்லோ ஆச்சு, ஜன்னல் வழியா ஒரு அக்கா எங்கள வீடியோ எடுத்தாங்க. எங்க ஆட்டத்தப் பாக்கத்தான் நிக்குதுன்னு நெனச்சு இன்னும் வேகமா ஆட்டுனோம்.

டிரைவர் தலைய நீட்டி, "லைன்ல யார்னா உயுந்துட்டாங்களா?"ன்னு கேட்டாரு. ரெனிஷ், "இல்ல அண்ணாத்தே, மினோரிக்குக் கடைசி ஷோ"ன்னான். "எவ அது?"ன்னு கேட்டுகினே எறங்குனாரு. சிவப்பு லைட்டு ஆட்டுனா ஆபத்துன்னு ட்ரெய்ன நிறுத்துவாங்கன்னு அப்பதான் எனக்குப் புரிஞ்சுது.

ரெனிஷ் ஓடிட்டான். அதுக்கப்புறம் அபிஷேக், "நீ கெளம்பு, நான் பேசிக்கிறேன்"னு என் கையில இருந்த குச்சிய வாங்குனான். குடுத்துட்டு நானும் ஓடினேன். ஊட்டு வாசல்ல செருப்புகூட கழட்டல, அபிஷேக்க இங்க இட்டாந்துட்டாங்கன்னு கேள்விப்பட்டு அப்டியே திரும்பி போலீஸ் ஸ்டேஷனுக்கு வந்தேன்.

திங்கக்கிழமை அவனுக்கு ரயில்வே வேலைக்கு சர்டிஃபிகேட் செக்கிங் சார். ட்ரெய்ன நிறுத்துன கேஸ்ல பேரு வந்தா அவ்ளோதான். அவன் ஃபோன் உங்க மேசைலதான் கீது. தொறந்து பாருங்க. ரெண்டு நிமிஷ வீடியோல அவன் எங்கயுமே வரமாட்டான், சிரிக்கிறது மட்டும் கேக்கும். அந்த வீடியோ ஜப்பானுக்குப் போவ வேணாம், சாட்சிக்கு நீங்களே வெச்சுக்கோங்க.

எழுதுனதப் படிச்சுக் காட்டுனாங்க, நடந்தது நடந்தபடி கீது, கையெழுத்துப் போடுறேன். எங்க ரசிகருங்க வாட்சப் குரூப்ல ஒரே ஒரு மெசேஜ் போட விடுங்க சார்: "டேய் ரெனிஷ், வாடா. அந்த ட்ரெய்ன்ல ஜன்னல் வழியா எங்கள வீடியோ எடுத்த அக்காவ யாருக்குனா தெரிஞ்சா அந்த வீடியோவ வாங்கி அனுப்புங்க, குச்சி ஆட்டுனது அபிஷேக் இல்லன்னு அதுல தெரியும். பத்து மணிக்குள்ள எல்லாரும் போலீஸ் ஸ்டேஷனுக்கு வாங்க, அபிஷேக் உள்ள கீறான்."

(ஒப்பம்) பி. ஸ்டெஃபி