நாற்பது சென்டும் ஒரு சமாதியும்

அது வைகாசியா, ஆனியா என்பது எனக்குச் சரியாக நினைவில்லை. நீங்கள் தேதி கேட்கிறீர்கள். மாங்காய்ப் பறிப்பு முடிந்திருந்தது, கிணற்றில் தண்ணீர் வற்றியிருந்தது. அதற்குமேல் என்னால் உறுதியாகச் சொல்ல முடியாது.

புத்தூர்-நகரி சாலையை அகலப்படுத்த என் நிலத்தில் நாற்பது சென்ட் வேண்டுமென்று தெலுங்கில் ஒரு நோட்டீஸ் வந்தது. ஆந்திரா பிறந்து இரண்டு வருஷம் ஆகியிருந்தது. எங்கள் பக்கத்துத் தமிழ் ஊர்கள் எல்லாம் சென்னை ராஜ்யத்தோடு சேர்ந்துவிடும் என்று பேச்சு. எல்லை தீர்மானமாகும்வரை வழக்கை இழுத்தால், நோட்டீஸ் அனுப்பிய சர்க்காருக்கே என் நிலத்தில் வேலை இருக்காது. இதைவிட நியாயமான யோசனை உங்களுக்கு இருந்தால் சொல்லுங்கள்.

சித்தூரில் வழக்குப் போட்டேன். என் தம்பி எத்திராஜுக்கு அது வேடிக்கை. நிலத்தைக் கொடுத்துவிடலாம் என்பது அவன் கட்சி. "கோர்ட்டுக்கு நீ நடக்கிற நடைக்கே தனியா ஒரு ரோடு போடணும்ணா," என்பான். அம்மா சிரிப்பாள். நானும் சிரித்தேன். அவன் கெட்டவன் அல்ல.

வழக்கு தளர்ந்தபோது வக்கீல் வெங்கடரமணன் கேட்டார்: "அந்த எடத்துல கோயில், சமாதி எதனா கீதாய்யா? இருந்தா ரோட்ட எதிர்ப்பக்கம் தள்ளச் சொல்லிக் கேட்டுப் பாக்கலாம்."

பார்த்துச் சொல்கிறேன் என்றேன். ஊர் வரும்வரை பஸ்ஸில் எங்கள் குடும்பத்தில் செத்தவர்களை எண்ணிக்கொண்டு வந்தேன்.

எங்கள் வகையறாவில் கல்யாணமானவர்களை எரிப்போம். ஆகாதவர்களைச் சொந்த நிலத்தில் புதைப்போம். முன்னோர்கள் அத்தனை பேரும் சாம்பலாகிப் போனதால் ஒருவராலும் எனக்குப் பயனில்லை. வீட்டில் கல்யாணமாகாதவன் எத்திராஜ் ஒருவன்தான். அவனுக்கும் அலர்மேல்மங்கையோடு ஆவணியில் முகூர்த்தம் குறித்தாயிற்று. தாலி கட்டிவிட்டால் அவனும் சாம்பல்தான். அவசரம் என்னுடையதல்ல, முகூர்த்தத்துடையது.

கிணறு தூர் வார இறங்கினான். வேலை முடிந்து அவனைக் கயிற்றில் மேலே இழுத்துக்கொண்டிருந்தேன். பாதி உயரத்தில் அண்ணாந்து பார்த்து, "கை நோவுதாண்ணா?" என்றான். இல்லை என்றேன். அது உண்மை. பிறகு கயிறு என் கையில் இல்லை. கீழே பாறை.

நிலத்தின் உள்பக்கம் புதைக்கலாம் என்றாள் அம்மா. அவனுக்கு பஸ் பார்க்கப் பிடிக்கும் என்று சொல்லி, சாலையோரமாகவே வைத்தேன். செங்கல் மேடை, விளக்குக்கு ஒரு மாடம். செலவில் குறை வைக்கவில்லை.

சமாதி நோட்டீஸுக்குப் பிந்தியது என்று கோர்ட்டில் ஒரே வரியில் தள்ளிவிட்டார்கள். "பழசு எதனா கீதான்னுதாய்யா கேட்டேன்," என்றார் வக்கீல். மேல்முறையீட்டுக்கு எவ்வளவு ஆகும் என்று கேட்டேன்.

எல்லை ஒருவழியாகத் தீர்மானமாயிற்று. திருத்தணி சென்னைக்குப் போனது, நாங்கள் ஆந்திராவிலேயே தங்கினோம். சாலை அகலமாயிற்று. எத்திராஜ் அதற்கு அடியில் இருக்கிறான். அம்மா மறுவருஷம் இறந்தாள், எரித்தோம். அலர்மேல்மங்கை ரேணிகுண்டாவில் ஒரு ரயில்வேக்காரரைக் கட்டிக்கொண்டாள். என் மேல்முறையீடு நிலுவையில் இருக்கிறது. வக்கீல் இன்னும் சித்தூரில்தான் தொழில் செய்கிறார். அவரை நீங்கள் யாரும் விசாரிக்கவில்லை. நான் விட்டது கயிற்றை மட்டும்தான். 'பழைய' என்ற சொல்லை விட்டவர் அவர்.