ஷர்வின் தின்ற லட்டு

எனக்கு இனிப்பு பிடிக்காது, இன்ஸ்பெக்டர். அந்த லட்டுத் தட்டு நாள் முழுக்க என் முன்னால்தான் இருந்தது. நான் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

நூறு வருஷத்துக்கு முந்தைய ஊமைப்படம் ஒன்று பார்த்தேன். பையன் கேக்கைத் திருடுகிறான், பிறகு அழுதுகொண்டே ஒப்புக்கொள்கிறான். கன்னம் இரண்டும் பன் மாதிரி. அந்தக் கன்னத்துக்கு என்ன பசி? என் அப்பா துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர். பசித்த முகத்தை எனக்குப் படம் போட்டுக் காட்ட வேண்டியதில்லை. அதே கதையை ஒழுங்காக எடுப்போம் என்று சூலியா தெருவில் ஒரு கடை மாடியைப் பிடித்தேன். கேமராவுக்குக் கிஷன். நடிக்கப் பக்கத்து வீட்டு நவமணியின் மகன் ஷர்வின், எட்டு வயசு.

இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்கு ஆசைப்படவே தெரியாது. கேட்கும் முன்னே கையில் கிடைத்துவிடுகிறது. முதல் நாள் லட்டைப் பார்த்துக் கொட்டாவி விட்டான். மறுநாள் காலையிலிருந்து அவனுக்கு எதுவும் கொடுக்கவில்லை. நவமணி ஃபேக்டரியிலிருந்து போன் போட்டாள்.

"புள்ள சாப்டானா அண்ணே?"

"சாப்டான்லா. நீ வேலையப் பாரு."

லட்டில் எறும்பு மொய்த்தது. பூச்சி மருந்து அடித்தேன்.

"தம்பிகிட்ட சொல்லிட்டீங்களா?" என்றான் கிஷன்.

"சொன்னா ஆசைப்பட மாட்டான், நடிப்பான். கைய நீட்டுனதும் கட் சொல்லிடுவேன்லா."

கையை நீட்டினான். எடுத்தான், வைத்தான், வாசலைப் பார்த்தான், மறுபடி எடுத்தான். அப்படி ஒரு முகத்தை அந்தப் பழைய படத்தில் நீங்கள் பார்க்க முடியாது. நான் கட் சொல்லவில்லை.

தின்றுவிட்டு அவனாகவே என்னிடம் வந்தான். "மாமா, கேட்காம ஒன்னு தின்னுட்டேன். அம்மாகிட்ட சொல்லாதீங்க. வாய் எரியுது."

"கீழ போய் காடிய ஸ்டார்ட் பண்றேண்ணே, ஆஸ்பத்திரிக்குப் போய்டலாம்," என்றான் கிஷன்.

"கொஞ்சம் இரு," என்றேன். பையனைக் கேமராவைப் பார்த்து அதையே திரும்பச் சொல்லச் சொன்னேன். சொன்னான். கண் சரியாகக் கலங்கவில்லை. இன்னொரு தடவை சொல்லச் சொன்னேன். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சொன்னான். முனகினான்தான், ஊமைப்படத்தில் அது கேட்காது.

ஆஸ்பத்திரிக்குப் போனபோது நேரமாகிவிட்டது என்கிறார்கள். வெளியே கிஷன் உட்கார்ந்து அழுகிறானாம். அழத் தெரிந்தவனுக்குக் கேமராவை நிறுத்தத் தெரியவில்லை.

நவமணியிடம் ஒன்று மட்டும் சொல்லுங்கள். அவள் பிள்ளை கடைசிவரை பொய் சொல்லவில்லை. அதைக் கற்றுக்கொடுத்தவன் நான்.